பெருவிரல் முடிச்சு

மூச்சை எங்கே ஒளித்துவைப்பது என்பதுதான் பிணமாகப் படுப்பவனின் முதல் பிரச்சினை. நெஞ்சில் வைத்தால் மேலே போர்த்திய துணி ஏறி இறங்கிக் காட்டிக்கொடுத்துவிடும், வயிற்றில் வைத்தால் இந்த வயதில் எனக்கு விழுந்திருக்கும் தொப்பை அதைவிட மோசமாகக் காட்டிக்கொடுக்கும், ஆகையால் முதுகுப் பக்கம், விலாவுக்குப் பின்னால், பூனை பால் குடிக்கிற மாதிரி கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து அப்படியே கொஞ்சம் கொஞ்சமாக விட வேண்டும். இதை எனக்கு எந்த நடிப்புப் பள்ளியிலும் சொல்லிக்கொடுக்கவில்லை, செத்துச் செத்துத்தான் கற்றுக்கொண்டேன். பிரெஞ்சு சினிமாவில் என் அளவுக்குச் செத்தவன் கிடையாது. கத்தியால் செத்திருக்கிறேன், விஷத்தால் செத்திருக்கிறேன், கதாநாயகனின் காரில் அடிபட்டுச் செத்திருக்கிறேன், அவன் இறங்கிக் காருக்குக் கீறல் விழுந்ததா என்று பார்த்தான், தியேட்டரே சிரித்தது. செத்துச் செத்துப் பிழைக்கிறேன் என்று நம் ஊரில் பேச்சுக்குச் சொல்வார்கள், லெயோன் மரியசூசை அதையே தொழிலாக வைத்துக்கொண்டான். எஃகு மேசை குளிர்கிறது. பாரிசுக்கு வெளியே மூடிப்போன ஏதோ ஒரு பழைய ஆஸ்பத்திரியின் நிலவறை, நிஜமான பிணவறை, சத்தம் பதிவாகிவிடும் என்று ஹீட்டரையும் நிறுத்திவிட்டார்கள். இதே மேசையில் யார் யார் கிடந்தார்களோ என்று நினைக்கக் கூடாது, நினைத்தால் மயிர்க்கால் நிற்கும், நின்றால் மேக்கப் போடுகிற சபின் பஞ்சோடு ஓடி வந்து, பொணத்துக்குப் புல்லரிக்காது மிசியே லெயோன், என்பாள். அவள் பிரெஞ்சில்தான் சொல்வாள், ஆனால் எனக்கு வாய் என்னவோ பிரெஞ்சு, மண்டை மட்டும் புதுச்சேரியை விட்டு வரவே இல்லை, இவர்கள் பேசுகிறதெல்லாம் உள்ளே நுழையும்போது நம்ம ஊர்ப் பேச்சாக மாறிவிடுகிறது. மாறினால்தான் எனக்குக் கோபமே ஒழுங்காக வருகிறது.

விளக்கு மாற்றுகிறார்கள், ஏதோ கருகிய வாசனை, யாரோ ஏணியை இழுக்கிறார்கள், நான் கண்ணைத் திறக்கவில்லை. படுத்தபோது மூடியது. பாத்திரத்துக்குள் போகிறேன் என்று இவர்கள் நினைத்துக்கொள்ளட்டும், உண்மையில் விளக்கு கண்ணைக் கூசுகிறது. சினிமாவில் சாவு முதலில் வரும், பிணவறை இன்றைக்குத்தான் கிடைத்தது, அதனால் இன்று சாகிறேன், அடுத்த வாரத்திலிருந்து உயிரோடு இருப்பேன். அப்பா வேடம். மளிகைக்கடைக்கார அப்பா, யாரோ விட்டுவிட்டுப் போன ஒரு வெள்ளைக்காரக் குழந்தையைத் தூக்கி வளர்த்த புதுச்சேரிக்காரன், பெயர் இருக்கிறது, திரு. அருளப்பன், தாளில் பெயரோடு வந்த வேடம் எனக்கு இதுதான் முதல் தடவை, இதுவரை நான் இந்தியன், கடைக்காரன், வைத்தியன், இரண்டாவது டாக்சிக்காரன், ஒரு படத்தில் வெறுமனே தலைப்பாகை. அப்பாவுக்கு ஒரு சமையல்கட்டுக் காட்சி இருக்கிறது. மேசையில் சோற்றைப் பிசைந்துகொண்டே மகளிடம் பேசுவான், ஊருக்கு ஏன் திரும்பிப் போகவில்லை என்று அவள் கேட்பாள், கடையைத் திறந்ததே உனக்குப் பால் வேண்டுமே என்றுதான், வேறொன்றும் இல்லை, அப்புறம் மூட மறந்துபோய்விட்டது, என்பான். நீளமான பேச்சு. மாதக்கணக்கில் குளியலறையில் சொல்லிப் பார்த்தேன், பக்கத்து வீட்டுக்காரி சுவரைத் தட்டினாள். முக்கியமான விஷயம், அதை என் சொந்தப் பிரெஞ்சில் சொல்லலாம் என்று டைரக்டர் தெனி சொல்லியிருந்தான். என் பிரெஞ்சு என்ன சாதாரணமா, சொல்தா வீட்டுப் பிள்ளை நான், பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்துவிட்டு ஓய்வூதியத்தோடு புதுச்சேரிக்கு வந்த அப்பா சாப்பாட்டு மேசையில் ஒரு வார்த்தை தமிழில் வந்தால் கரண்டியால் விரல் முட்டியில் அடிப்பார், அடிவாங்கி அடிவாங்கிக் கற்ற பிரெஞ்சு, இங்கே வந்து இறங்கின முதல் நாளே ஒரு டைரக்டர் கேட்டுவிட்டு, ரொம்ப நல்லா இருக்கு, கொஞ்சம் உடைச்சிப் பேசுங்க, யாரும் நம்ப மாட்டாங்க, என்றான். அன்றிலிருந்து உடைத்துக்கொண்டே இருக்கிறேன்.

மிரேய்க்குச் சொல்லிவிட்டேன். சொல்லியிருக்கக் கூடாது, படம் வந்தபிறகு சொல்லியிருக்கலாம், ஆனால் வாய் நிற்குமா. மிரேய் என் ஒரே மகள், லியோன் நகரத்தில் பல் டாக்டராக இருக்கிறாள், என் படம் எதையும் அவள் பார்ப்பதில்லை. சின்ன வயதில் பார்த்தாள். நான் ரெஸ்டாரண்டில் மேசை மேசையாக ரோஜா விற்கிறவனாக வந்த படம், கதாநாயகி என் பூவையெல்லாம் பிடுங்கிக் காதலன் தலையில் அடிப்பாள், நான் கீழே குனிந்து இதழ் பொறுக்கிக்கொண்டே ஒரு பூ வாங்குங்க மதாம் என்று உடைந்த பிரெஞ்சில் கெஞ்சுவேன், ஊரே சிரித்தது, மறுநாள் பள்ளிக்கூடத்தில் இவள் மேசைமேல் ஒரு ரோஜா இருந்தது. அதற்கடுத்த நாளும் இருந்தது. பள்ளி முடியும்வரை இருந்தது. தன் கல்யாணத்தில் ரோஜா ஒன்றுகூட வைக்கக் கூடாது என்று பூக்காரனிடம் கண்டித்துச் சொன்னாள், எனக்குக் கேட்கிற மாதிரி. போன வாரம் போனில் சொன்னேன், அப்பா வேடம், பெரிய நடிகை க்ளோதில்டுக்கு அப்பா, பேசுகிறேன், உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டே பேசுகிறேன் என்று. அந்தப் பக்கம் தட்டில் ஏதோ கருவியை வைத்தாள், யாரோ பல்லைக் காட்டிக்கொண்டு காத்திருந்தார்களோ என்னவோ. பிறகு கேட்டாள், "இந்தத் தடவையாவது மூஞ்சி தெரியுமா பப்பா?" தெரியும் என்றேன். "அப்ப வர்றேன். பிள்ளைங்களையும் கூட்டிட்டு வர்றேன்." அவ்வளவுதான், வைத்துவிட்டாள். என் பேரப்பிள்ளைகளுக்கு நான் என்ன வேலை செய்கிறேன் என்றே தெரியாது, ஏதோ ஆபீஸ் என்று சொல்லிவைத்திருக்கிறாள். அவர்கள் இருட்டில் உட்கார்ந்து என் முகத்தைப் பார்க்க வேண்டும், என் முகம் அப்பாவாக, தாத்தாவாக, ஒரு வீட்டில் சோறு தின்கிற மனுஷனாகத் திரை முழுக்க வர வேண்டும், எனக்கு வேறு எதுவும் வேண்டாம், பரிசு கிரிசு எல்லாம் இந்த மேசையில் எனக்குப் பதிலாகப் படுத்துக்கொள்ளட்டும்.

கால் மரத்துப்போகிறது. கட்டைவிரலை அசைத்துப் பார்க்கலாமா, வேண்டாம், ஒத்திகை என்று நினைத்து யாராவது கத்துவார்கள். இந்த வேடம் வைத்திலிங்கத்துக்குப் போக வேண்டியது, அதையும் சொல்லிவிடுகிறேன், அவன் மொரீசியஸ்காரன், தமிழில் நாலு வார்த்தை தெரியாது, ஆனால் டாக்சிக்காரன் என்றால் அவன், மந்திரவாதி என்றால் அவன், எனக்கு வருகிறதெல்லாம் அவன் வேண்டாம் என்று தள்ளியது. செத்தும் கொடுத்தான் சீதக்காதி என்பார்கள், வைத்திலிங்கம் செத்த பிறகுதான் கொடுத்தான். கல்லறையில் நான் எல்லாரையும்விட அதிகமாக அழுதேன், நன்றியில்தான் அழுதேன், அவன் பெண்டாட்டி என் கையைப் பிடித்துக்கொண்டு, உங்கள மாதிரி சிநேகிதன் அவருக்கு இல்ல, என்றாள், உண்மைதான், அவனுக்குச் சிநேகிதனே இல்லை. ஒன்றை மட்டும் அவனிடமிருந்து கற்றுக்கொண்டேன். துண்டு வேடக்காரன் காமிரா முன்னால் போய் நின்றதும் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, என்னை எங்கே வெட்டுகிறீர்கள். காமிரா உதவியாளன் கையை மார்பில் வைத்துக் காட்டினால் மார்புவரை தெரியும், இடுப்பில் வைத்தால் இடுப்புவரை, சில சமயம் தோளை மட்டும் காட்டுவான், அப்போது தோளால் நடித்துவிட்டு முகத்துக்கு ஓய்வு கொடுக்கலாம். கதாநாயகர்கள் கேட்க மாட்டார்கள், அவர்கள் எங்கே இருக்கிறார்களோ அங்கே காமிரா வரும். இன்றைக்கு நான் கேட்கவில்லை. வாய்வரை வந்தது, உதவியாளன் பக்கத்தில்தான் நின்றான், ஆனால் பெயரோடு வந்த வேடக்காரன் அதைக் கேட்டால் என்ன மரியாதை, திரு. அருளப்பன் போய் என்னை எங்கே வெட்டுகிறாய் என்று கேட்பானா, வேலையைப் பார் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு படுத்துவிட்டேன்.

காலையில் கொஞ்சம் அதிகமாகத்தான் பேசிவிட்டேன். தெனி முப்பது வயதுக்காரன், எல்லாவற்றுக்கும் அருமை அருமை என்பான், காபியோடு வந்து, உங்க ஊர்ல செத்தவங்களுக்கு ஏதாவது சடங்கு உண்டா மிசியே லெயோன், என்று கேட்டான். கேட்டால் சும்மா இருப்பேனா. செத்தவனின் இரண்டு கால் பெருவிரலையும் சேர்த்துக் கட்டுவோம் என்றேன். கிறிஸ்துவர்களுமா என்றான். எங்கள் ஊரில் சாமி மாறும், சாவு மாறாது என்றேன், நன்றாகத்தான் சொன்னேன், சட்டென்று வந்தது. காலுறையைக் கழற்றி, சபினிடம் ஒரு வெள்ளைத் துணிக்கிழிசல் வாங்கி, என் பெருவிரல்களை நானே கட்டிக் காட்டினேன், அவன் தரையில் மண்டிபோட்டு உட்கார்ந்துகொண்டு இரண்டு கையையும் காமிராச் சட்டம் மாதிரி பிடித்துப் பார்த்தான், அருமை, மக அப்பாவோட வழக்கத்த நினைச்சுத் தன் கழுத்துத் துணியக் கிழிச்சிக் கட்டட்டும், தலைமாட்டுல நின்னு முகத்தப் பார்த்துட்டு அப்புறம் கால்மாட்டுக்கு வரட்டும், என்றான். பிறகு சபின் என் காலுக்கு வெகுநேரம் நீலம் பூசினாள், நகத்துக்கு ஒரு நிறம், குதிகாலுக்கு ஒரு நிறம், நகம் நகமாகக் குனிந்து ஊதினாள். முகத்துக்கு வந்தபோது இரண்டு தடவை பஞ்சால் ஒற்றிவிட்டுப் போதும் என்றாள். உங்க மூஞ்சிக்கு அதிகம் தேவையில்ல. பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன். அப்பாவின் கால் ஞாபகம் வந்தது. அவர் செத்தபோது ஊருக்குப் போயிருந்தேன், எல்லாரும் அழுதார்கள், நான் தாடை எப்படித் தொங்குகிறது, உதடு எந்தப் பக்கம் ஒதுங்குகிறது, இமை முழுக்க மூடாமல் எவ்வளவு வெள்ளை தெரிகிறது என்று பார்த்துக்கொண்டிருந்தேன், அடுத்த படத்திலேயே அது உதவியது. இதில் எனக்கு வெட்கம் ஒன்றும் இல்லை, உயிரோடு இருந்தபோது கரண்டியைத் தவிர அவர் எனக்குக் கொடுத்தது என்ன, செத்தபோதாவது ஒன்று கொடுத்தார். பெருவிரலைக் கட்டியது நான்தான். இறுக்கிக் கட்டினேன், என் பெரியம்மா கையைப் பிடித்து, "பாவி, பதமா கட்டுடா, அவருக்கு வலிக்கும்," என்றாள். தாடையையும் ஒரு துணியால் கட்டுவோம். அதைத் தெனியிடம் சொல்லவில்லை.

காலடிச் சத்தம். குதிகால் செருப்பு ஒன்று, ரப்பர் செருப்பு ஒன்று. தயாரிப்பாளர் அம்மாளும் தெனியும். என் வலது காதுக்குப் பக்கத்தில் நிற்கிறார்கள், அவள் சென்ட் வாசனை வருகிறது, எலுமிச்சை. "தூங்கிட்டாரா?" என்கிறாள். "வயசானவரு. தூங்கியிருப்பாரு," என்கிறான் தெனி. மனிதர்கள் பிணத்துக்குப் பக்கத்தில் எப்படிப் பேசுவார்களோ அப்படியே பேசுகிறார்கள், நடிப்பு அவ்வளவு நன்றாக இருக்கிறது என்று எனக்கு ஒரு கணம் பெருமைகூட வந்தது. "அந்தச் சமையல்கட்டு சீன் வேணாம் தெனி." "அவருக்கு அதுதான் பெரிய சீன்." "தெரியும். ஆனா ஸ்கிரிப்டைப் படிச்சவங்க எல்லாரும் ஒண்ணே சொல்றாங்க, அப்பா உயிரோட வந்தாலே கதை படுத்துடுது. செத்தவரா இருந்தா நல்லாத்தான் இருக்காரு. உயிரோட வர்ற சீன் எல்லாத்தையும் எடுத்துடு, அவரு பொண்ணு மனசுல மட்டும் இருக்கட்டும்." தெனியின் ரப்பர் செருப்பு தரையில் தேய்ந்தது. பேசுடா, நீதானே சொந்தப் பிரெஞ்சில் சொல்லுங்கள் என்றாய், பேசு. "அருமையான யோசனை," என்றான் தெனி. "எப்ப சொல்றது இவர்கிட்ட?" "இப்பச் சொல்லாத. அழுதார்னா மேக்கப் போயிடும். ஷாட் முடியட்டும்." குதிகால் செருப்பு போய்விட்டது. தெனி போவதற்குமுன் போர்வையை என் தோளுக்கு மேல் இழுத்துவிட்டான், குளிருமே என்று. அந்தக் கையைக் கடித்திருக்கலாம்.

கடிக்கவில்லை. பிணம் கடிக்காது. மூச்சு முதுகிலிருந்து நழுவி நெஞ்சுக்கு வந்துவிட்டது, துணி ஆடுகிறதா, யாராவது பார்க்கிறார்களா. எழுந்து போய்விடலாம், போர்வையைச் சுற்றிக்கொண்டு நீலக் காலோடு வெளியே போய்ப் பேருந்துக்கு நிற்கலாம், என்னய்யா ஆச்சு என்று கேட்பான் ஓட்டுநர், செத்துவிட்டேன், லியோனுக்கு ஒரு டிக்கெட். கடையைத் திறந்ததே உனக்குப் பால் வேண்டுமே என்றுதான். அந்த வரியை இனி யாருக்குச் சொல்வது, பக்கத்து வீட்டுக்காரிக்குச் சொல்லலாம், சுவர் வழியாக, அவளுக்கு அது மனப்பாடமே ஆகியிருக்கும். மிரேயிடம் என்ன சொல்வேன், பேசவில்லை அம்மா, செத்துக் கிடக்கிறேன், பிள்ளைகளைக் கூட்டிவராதே. அவள் ஒன்றும் சொல்ல மாட்டாள், சரி பப்பா என்பாள், அந்தச் சரியை நான் அறிவேன், அது அவள் அம்மாவிடமிருந்து வந்த சரி, அதற்குப் பிறகு கதவு திறக்காது. எழுந்திருக்கவும் முடியவில்லை, எழுந்தால் இதுவும் போய்விடும். இருக்கிறதே, இது இருக்கிறதே, தலைமாட்டில் நின்று க்ளோதில்ட் என் முகத்தைப் பார்ப்பாள் என்று தெனி காலையில் சொல்லியிருக்கிறான், நின்று பார்க்கிறாள் என்றால் காமிராவும் பார்க்கும், அப்படியானால் என் முகம் இருக்கிறது, செத்த முகமானால் என்ன, மிரேய் கேட்டது மூஞ்சி தெரியுமா என்றுதானே, உயிரோடு தெரியுமா என்று கேட்கவில்லையே. முழுப் பேச்சையும் இந்த முகத்துக்குள் வைத்துவிடுவேன். பாலும் கடையும் மூட மறந்ததும் எல்லாம் இமைக்குக் கீழே இருக்கும். அப்புறம், கடைசியில், ஆமாம், கடைசியில் கண்ணைத் திறந்துவிடுவேன். அவள் அழுது முடிக்கிற நேரம் பார்த்து, காமிராவை நேராக, அகலமாக. கெடட்டும். அவள் கத்தட்டும், தெனி தலையில் கை வைக்கட்டும், இந்த நிலவறையை நாளைக்கு வேறு யாருக்கோ கொடுத்தாயிற்று, அப்பா இல்லாமல் அப்பா சாவையும் எடுக்க முடியாமல் தவிக்கட்டும்.

அமைதி என்று கத்துகிறார்கள். மோத்தர், காமிராவை ஓட்டு, என்கிறார்கள், ஓடுகிறது என்று பதில் வருகிறது, கட்டை அடிக்கிற சத்தம், மூச்சு முதுகுக்குப் போய்விட்டது, பழகிய நாய் மாதிரி தானாகவே போய்ப் படுத்துக்கொண்டது. தலைமாட்டில் க்ளோதில்டின் ஆடை உரசுகிறது. நிற்கிறாள். பார்க்கிறாள், நிச்சயமாகப் பார்க்கிறாள், முகத்தின் மேல் அந்தச் சூடு தெரிகிறது. நான் சாகிறேன். என் வாழ்க்கையில் இவ்வளவு நன்றாகச் செத்ததில்லை, உதட்டை அப்பா மாதிரி இடது பக்கம் ஒரு நூல் ஒதுக்கி, இமையில் ஒரு வெள்ளைக் கோடு விட்டு, மிரேய், இதோ பார், இது யாருக்கோ அப்பாவாக இருந்த முகம். இப்போது அழுகை வர வேண்டும். வரவில்லை. மெல்லுகிற சத்தம் வருகிறது. சப்பென்று, ஈரமாக, மறுபடியும் சப்பென்று. பொறுக்க முடியாமல் கண்ணைத் திறந்தேன், கடைசிவரைகூடக் காத்திருக்கவில்லை. க்ளோதில்ட் வாயிலிருந்து சூயிங்கம்மை எடுத்துக் காகிதத்தில் சுற்றிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்க்கவில்லை, சுவரைப் பார்த்துக் கழுத்தை இப்படியும் அப்படியும் சொடுக்கினாள். பிறகு குனிந்தவள் என் கண் திறந்திருப்பதைப் பார்த்தாள். திடுக்கிடவே இல்லை. அன்பாகச் சிரித்தாள், உதட்டில் விரலை வைத்தாள், தாடையால் கால்மாட்டுப் பக்கம் காட்டினாள். கழுத்தைத் திருப்பாமல் விழியை மட்டும் உருட்டிப் பார்த்தேன். காமிரா அங்கே இருந்தது. மேசை உயரத்துக்கு இறக்கி, என் உள்ளங்காலுக்கு நேரே, தெனி அதன் பக்கத்தில் மண்டிபோட்டு உட்கார்ந்திருந்தான், காலையில் உட்கார்ந்த அதே மாதிரி. என் இரண்டு பாதம் முன்னால், அதற்கு அப்பால் நான் கிடக்கிற இடத்தில் ஒரு கறுப்புத் துணித் தட்டி நிறுத்தியிருந்தார்கள், அதன் ஓரத்து இடைவெளியில்தான் இவ்வளவும் தெரிந்தது. முகத்துக்கு விளக்கே இல்லை. நுணலும் தன் வாயால் கெடும் என்று லிசே பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியார் சொன்னபோது நான் ஜன்னல் வழியாகக் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவள் ஒரு தரம் மூச்சை இழுத்துக்கொண்டு தட்டியைத் தாண்டி நடந்தாள், அந்தப் பக்கம் போனதும் மகளாகிவிட்டாள், குரல்கூட மாறிவிட்டது, பப்பா என்றாள், அவளுக்கு யார் அதைச் சொல்லிக்கொடுத்தார்களோ, காலையில் நானாகத்தான் இருக்கும். கழுத்துத் துணி கிழிகிற சத்தம் கேட்டது. விரல்கள் என் பெருவிரலைத் தொட்டன, ஐஸ் மாதிரி, துணி சுற்றியது, ஒரு சொட்டு வெந்நீர் பாதத்தில் விழுந்தது, அழுகிறாள், நன்றாகவே அழுகிறாள், திருடி. நான் கண்ணைத் திறந்து கூரையில் இருக்கிற குழாயைப் பார்த்துக்கொண்டு கிடக்கிறேன், ஒரு பிராணிக்குத் தெரியாது. இப்போது, இப்போதுதான் எல்லாம் என் காலில் இருக்கிறது. பெருவிரலை ஒரு ஆட்டு ஆட்டினால் போதும். கண்ணால் செய்ய நினைத்ததைக் காலால் செய்யலாம், அவளைக் கத்த வைக்கலாம், படத்தைக் கெடுக்கலாம், நரம்பெல்லாம் அங்கே போய் நிற்கிறது, ஆட்டு, ஆட்டுடா. இரண்டாவது விரல் குத்திட்டு நிற்கும். எனக்கு இரண்டு காலிலும் இரண்டாவது விரல் பெருவிரல்மேல் ஏறி உட்கார்ந்திருக்கும், அப்பாவுக்கும் அப்படித்தான், மிரேய்க்கும் அப்படித்தான், சின்னப் பிள்ளையாக என் பாதத்தின் மேல் அவள் பாதத்தை வைத்துக்கொண்டு நின்று, என்னை நடக்கச் சொல்லி, வீடு முழுக்க நடப்போம், விரலைப் பார்த்து, இதுவும் நம்ம வீட்டுது, இதுவும் நம்ம வீட்டுது, என்பாள். அவளுக்குத் தெரியும். ஊரில் எவனுக்கும் தெரியாவிட்டாலும் திரை முழுக்க இந்தக் கால் வந்தால் என் மகளுக்குத் தெரியும், இருட்டில் பிள்ளைகளின் காலைத் தடவிப் பார்ப்பாள், அதில் எவனுக்காவது இந்த விரல் வந்திருக்கும். ஆட்டவில்லை. செத்தவனுக்குக்கூட இவ்வளவு அசையாத கால் இருக்காது. க்ளோதில்ட் இரண்டாவது முடிச்சுப் போட்டாள், நெற்றியை என் உள்ளங்காலில் வைத்துக்கொண்டாள், கூசியது, உயிர் போகிற மாதிரி கூசியது, நான் குழாயைப் பார்த்துக்கொண்டு என் வாழ்க்கையின் மிகச் சிறந்த நடிப்பை நடித்துக்கொண்டிருந்தேன்.

கூப்பே, கட், என்று தெனி கத்தினான், எல்லாரும் கை தட்டினார்கள், அவளுக்கு. யாரோ கம்பளி கொண்டுவந்து அவளுக்குப் போர்த்தினார்கள். நான் முழங்கையை ஊன்றி உட்கார்ந்தேன். தெனி சின்னத் திரையில் ஓட்டிப் பார்த்துக்கொண்டிருந்தான், தயாரிப்பாளர் அம்மாளும் குனிந்து பார்த்தாள், அவள் தோள் குலுங்கியது. சிரிக்கிறாள். "அந்த விரல்," என்றாள். "ஐயோ, மன்னிச்சுக்குங்க, ஆனா அந்த விரல் ஒண்ணுமேல ஒண்ணு ஏறிக்கிட்டு. கட்டினதும் கொம்பு மாதிரி நிக்குது. அழுவுற இடத்துல சனங்க சிரிச்சிடுவாங்க." தெனி என்னைப் பார்த்தான், என் காலைப் பார்த்தான். "மிசியே லெயோன், ரொம்ப அருமையா இருந்துது. ஒரு சின்ன விஷயம்," என்றான். அந்தச் சின்ன விஷயம் கில்லோம் என்கிற விளக்குக்காரன், ஆறடி ஆள், என் காலுக்குப் பதில் அவன் கால், செருப்பைக் கழற்றச் சொன்னார்கள், நேரான விரல், அச்சில் வார்த்த மாதிரி. ஆனால் பால் மாதிரி வெள்ளை. சபின் பழுப்பு நிறத்தைக் குழைத்துக்கொண்டு வந்து என் கணுக்காலைப் பிடித்து அவன் காலோடு சேர்த்து வைத்தாள். "ஆட்டாதீங்க மிசியே லெயோன், நிறம் பார்க்கணும்." நான் ஆட்டவில்லை. அவள் என் காலைப் பார்த்துப் பார்த்து அவன் காலுக்குப் பூசினாள், முதலில் என் நிறம், அதற்குமேல் என் சாவு. சமையல்கட்டு சீனைப் பற்றித் தெனி நடுவில் வந்து சொன்னான், கேட்டேன், தலையை ஆட்டினேன், உண்மையிலேயே அவன் கண் கலங்கியது. கோட்டுப் பையில் போன் துடித்தது, மிரேய். முடிஞ்சுதா பப்பா, மூஞ்சி தெரிஞ்சுதா, என்று அனுப்பியிருந்தாள். பையிலேயே போட்டுவிட்டேன்.

கில்லோம் மேசையில் ஏறிப் படுத்துக்கொண்டு, யப்பா, என்னா குளிரு, என்றான். க்ளோதில்ட் கட்டிய முடிச்சு தெனிக்குத் திருப்தியாக இல்லை, காலைல நீங்க கட்டிக் காட்டினீங்களே, அது நிஜமா இருந்துது, நீங்களே கட்டிடுங்க, அவங்க கடைசி முடிச்ச மட்டும் போடட்டும், என்றான். போர்வையைச் சுற்றிக்கொண்டு கால்மாட்டுக்குப் போனேன். காமிரா உதவியாளன் பக்கத்தில் நின்றான். என்னை எங்கே வெட்டுகிறீர்கள் என்று கேட்டேன், உங்க கைகூடப் படத்துல வராமப் பார்த்துக்கணும், என்றான். குனிந்தேன். கில்லோமின் கால் சூடாக இருந்தது, பெயிண்ட் இன்னும் காயவில்லை, விரலில் ஒட்டியது. துணியைச் சுற்றி இழுத்தேன். இன்னும் இழுத்தேன், நகத்தடியில் இரத்தம் நிற்கிறவரை. அவன் தலையைத் தூக்கிப் பார்த்தான்.

"வலிக்குது மிசியே."

"செத்தவனுக்கு வலிக்காது," என்று சொல்லி இன்னொரு முடிச்சுப் போட்டேன்.